உதடு ஒட்டும் இடங்கள்

முப்பத்தேழு படங்களில் அவர் நீதிபதி. இரண்டில் கல்லூரி முதல்வர். ஒன்றில் பிணம். பிணமாக வந்த படத்தில்தான் அந்த முகத்தில் கொஞ்சம் உயிர் தெரிந்தது என்று ஓர் ஒளிப்பதிவாளர் சொல்வதுண்டு. கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. முகம் அப்படி. அகலமான நெற்றி, ஸ்கேல் வைத்து இழுத்த வாய், எதிரே நிற்பவன் பேசத் தொடங்கும் முன்பே முடிவுக்கு வந்துவிட்ட புருவம். இருபத்தாறு வயதிலேயே அவர் ஓர் அறைக்குள் நுழைந்தால் பெரியவர்கள் எழுந்து நின்றார்கள். அவர் பேசத் தொடங்கியதும் உட்கார்ந்துவிட்டார்கள்.

குரல்தான் காரணம். எண்ணெய் காணாத கீலில் கதவு மெல்லத் திறப்பது போல ஒரு குரல். ஆனால் அதனால் அவர் பிழைப்பு கெடவில்லை. ஸ்டுடியோ என்பது ரயில் பாதையை ஒட்டியிருந்த தகரக் கொட்டகை. காற்றடித்தால் கூரை பேசும், ரயில் போனால் தரை பேசும், மீதி நேரமெல்லாம் கேமராவின் மோட்டார் பேசும். ஆகவே நடிகர்கள் பேசுவதை அங்கே யாரும் பதிவு செய்வதில்லை. முதலில் படம் பிடிப்பார்கள். பிறகு ஓர் இருட்டறையில் அதைத் திரையில் ஓடவிட்டு, உதட்டசைவுக்குப் பொருந்த வசனத்தைப் பேசிச் சேர்ப்பார்கள். மற்ற நடிகர்கள் தங்களுக்குத் தாங்களே பேசிக்கொண்டார்கள். இவருக்கு மட்டும் வானொலியில் செய்தி வாசிக்கும் ஒருவர் வந்து பேசினார். பீப்பாய்க்குள்ளிருந்து எழும்புவது போன்ற குரல். ஆக, திரையில் வந்த நீதிபதி உண்மையில் இரண்டு பேர். ஊரார் ஒருவரைப் பார்த்தார்கள், மற்றவருக்குப் பயந்தார்கள்.

இவ்வளவு தொல்லைக்கு வேறு ஆளைப் போட்டிருக்கலாமே என்று தோன்றும். போடவில்லை. காரணம் அவருடைய வாய்.

"உதடு அச்சடிச்ச மாதிரி இருக்குய்யா" என்றார் செய்திக்காரர் முதல் நாளே. "மத்தவங்களுக்கு ஒரு வசனத்த ஒம்பது தடவ பேசிச் சேக்கறேன். உங்களுக்கு ரெண்டு தடவ போதும். எங்க கத்துக்கிட்டீங்க இத?"

கற்றுக்கொண்டது வீட்டில். அவருடைய அக்காவுக்கு ஒன்பது வயதில் விஷக்காய்ச்சல் வந்து காது போயிற்று. அப்போது இவருக்கு நாலு வயது. அப்பா கிடையாது, அம்மா விடிந்ததும் சலவைக்கூடத்துக்கு வேலைக்குப் போய்விடுவாள். நாள் முழுக்க வீட்டில் இவர்கள் இரண்டு பேர். முகத்தை வெளிச்சத்துக்குக் காட்டி, ஒவ்வொரு சொல்லையும் உதட்டால் வெட்டி எடுத்து வைத்து அக்காவிடம் பேசப் பழகினார். உதடு தெளிந்தது. குரலுக்கு அந்த வீட்டில் வேலை இல்லாததால் அது அந்த வயதிலேயே வளர்ச்சியை நிறுத்திக்கொண்டது. அவரைப் படத்தில் சேர்த்த வாயும் அக்கா கொடுத்தது, படத்திலிருந்து விலக்கி வைத்த குரலும் அக்கா கொடுத்ததுதான்.

அந்த அக்காவைத் திரும்ப வீட்டுக்குக் கூட்டி வர ஐம்பத்தேழு வயதில் அவர் பஸ் ஏறிப் போனார். அந்தப் பயணம் எப்படி முடிந்தது என்று சொல்வதற்கு முன், அவள் ஏன் வீட்டை விட்டுப் போனாள் என்பதைச் சொல்லியாக வேண்டும்.

அம்மா இறந்த பிறகு அக்காவும் தம்பியும் சைக்கிள் கடைக்கு மேலே இரண்டு அறைகளில் இருந்தார்கள். முன்னறை ஜன்னலோரம் அக்காவின் தையல் இயந்திரம். ரெடிமேட் கடைக்குக் காலர் மட்டும் தைத்துக் கொடுப்பாள், ஒரு நாளைக்கு நாற்பது. சட்டையின் மற்ற பாகங்களை யார் தைத்தார்கள் என்று அவளுக்குத் தெரியாது. அக்கா தைத்த சட்டை என்று ஊரில் ஒன்றுகூடக் கிடையாது. அவள் கை படாத கழுத்தும் குறைவு.

அவள் பேசுவாள். ஏற்ற இறக்கமில்லாமல், தண்டவாளம் போல ஒரே மட்டத்தில் வரும் பேச்சு. தம்பி பேசுவார், அவள் பதில் சொல்வாள், அவர் மறுப்பார், அவள் திட்டுவாள். இப்படியே வளர்ந்ததில் அவரைப் பொறுத்தவரை அக்காவுக்குக் காது கேட்கும். கேட்காது என்பது மற்றவர்கள் அவளைப் பற்றிச் சொல்லும் ஏதோ ஒரு செய்தி. பாசம் என்று பார்த்தால் இதற்கு மேல் பாசம் இல்லை. அவர் செய்த பெரிய தவறும் இந்தப் பாசத்திலிருந்துதான் வந்தது.

முதல் ஐந்து படங்களுக்கு வசனத்தை ஒழுங்காக மனப்பாடம் செய்துகொண்டு போனார். ஆறாவதில், கேமரா ஓடிக்கொண்டிருக்கும்போது, மறந்துவிட்டது. ஃபிலிம் வீணானால் இயக்குநர் கத்துவார். இவர் கண்ணாடியைக் கழற்றி, குற்றவாளிக் கூண்டை உற்றுப் பார்த்து, நிதானமாகச் சொன்னார்: "இந்த நாற்காலில ஆணி நீட்டிக்கிட்டிருக்கு. காலைல இருந்து குத்துது. ஒரு பயலும் என்னன்னு கேக்கல."

மோட்டார் சத்தத்துக்கு அப்பால் நின்று முகத்தை மட்டும் பார்த்த இயக்குநர், "பிரமாதம்" என்றார். நாற்காலிக்குப் பக்கத்தில் நின்ற விளக்குக்காரர்கள் வாயில் துண்டை அடைத்துக்கொண்டார்கள். படம் வந்தபோது பீப்பாய்க் குரலில், "சாட்சியங்கள் அனைத்தையும் இந்த மன்றம் பரிசீலித்தது" என்று கேட்டது. யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை.

செய்திக்காரருக்கு மட்டும் தெரிந்தது. "நீங்க எத வேணா பேசிக்குங்க. நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன். உதடு ஒட்டற எடத்துல, அதான் ப, ம வர்ற எடத்துல, மட்டும் ஒட்டிடுங்க. அது ஒண்ணு சரியா இருந்தா சனங்க மிச்சத்த அவங்களே நம்பிக்குவாங்க. நல்லவேளை, இந்த ஊர்ல உதட்டப் படிக்கத் தெரிஞ்சவன் எவனும் இல்ல."

நீதிபதி சிரித்தார். அன்று மாலை வீட்டுக்குப் போய் அந்தச் செய்திக்காரரைப் பற்றி அக்காவிடம் ஒரு மணி நேரம் கதை சொன்னார். அக்கா இயந்திரத்தை நிறுத்திவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

அதன் பிறகு அது ஒரு வித்தையாகவே ஆகிவிட்டது. வசனத்தாளை வாங்கி, உதடு ஒட்டும் இடங்களைப் பென்சிலால் வட்டம் போட்டுக்கொள்வார். அந்த வட்டங்கள் பிசகாமல் தன் சொந்தச் சரக்கைக் கோத்துவிடுவார். கூண்டில் நின்று அழும் கதாநாயகனிடம், "இந்த அழுகைக்கு வெங்காயமே தேவல" என்பார். அந்த ஆள் அதைக் கேட்டுக்கொண்டே அழ வேண்டும். விளக்குக்காரர்கள் காலையிலேயே வந்து நிற்பார்கள்.

"என்ன ஜட்ஜய்யா, இன்னைக்கு யாரு மாட்டறா?"

"வந்து நில்லு. ஒனக்கே கூட இருக்கும்."

அவருடைய நடிப்பை யாராவது பாராட்டினார்கள் என்றால் அது இதைத்தான். முகத்தில் ஒரு மயிரிழைகூட அசையாமல் இவ்வளவையும் சொல்வது லேசான காரியமில்லை. பெரிய நடிகர்களுக்கே வராது என்று சொன்னார்கள். அவரும் அப்படித்தான் நினைத்துக்கொண்டார்.

ஒரு கள்ளக் கையெழுத்துக்காரனுக்குத் தண்டனை கொடுக்கும்போது, "வாரத்துல நாலு நாள் முட்டைக்கோஸ். என் ரத்தமே இப்ப பச்சையாத்தான் ஓடுது" என்று சொன்னார். படம் ஏழு மாதம் கழித்து வெளியாயிற்று. தம்பியின் படம் எது வந்தாலும் அக்கா இரண்டாவது வாரம் புதன்கிழமை மத்தியானக் காட்சிக்குப் போவாள். கூட்டமிருக்காது, நடுவில் உட்காரலாம். இதற்கும் போனாள். வியாழக்கிழமையிலிருந்து வீட்டில் முட்டைக்கோஸ் இல்லை.

"விலை ஏறிடுச்சா?" என்று கேட்டார்.

"அலுத்துப்போச்சு" என்றாள் அக்கா.

இன்னொரு படத்தில் நீதிபதியின் கறுப்பு அங்கி கழுத்தை அறுக்கிறது என்று புலம்பினார். அது வெளியான வாரம், "அந்த அங்கிய ஒரு நாளைக்கு எடுத்துட்டு வா" என்று வாங்கி, உள்பக்கம் மெத்தென்று துணி வைத்துத் தைத்துக் கொடுத்தாள். புகார் கொடுத்த ஏழாவது மாதம் நடவடிக்கை. எந்த அலுவலகத்திலும் இவ்வளவு வேகம் கிடையாது. அக்காவுக்கு எப்படியோ மனசில் தோன்றிவிடுகிறது என்று அவர் நினைத்தார். ஒவ்வொரு படம் பார்த்துவிட்டு வரும்போதும் அவள் வாய்க்குள்ளேயே சிரித்துக்கொண்டு வருவது ஏன் என்று கேட்கவும் இல்லை. படம் பிடித்திருக்கும். ஊரார் கேட்ட பீப்பாய்க் குரலைத்தான் அவளும் கேட்டிருப்பாள் என்பது அவர் எண்ணம்.

ஸ்டுடியோவில் காட்சிக் குறிப்பு எழுதும் ஒரு பெண் இருந்தாள். கண்ணாடியை எந்தக் கையால் கழற்றினார், பேனா எந்தப் பக்கம் கிடந்தது என்றெல்லாம் நோட்டில் எழுதி வைப்பதுதான் அவள் வேலை. மறுநாள் தொடர்ந்து எடுக்கும்போது மாறிப்போகக் கூடாதே. அவளுக்கும் நம் நீதிபதிக்கும் பிடித்துப்போய் மூன்று வருடம் ஆகியிருந்தது. கல்யாணம் என்ற பேச்சு வந்தால் அவர் வழக்கை ஒத்திவைப்பார்.

"வீட்டுல அக்கா இருக்கா" என்றார் ஒருமுறை.

"இருக்கட்டுமே. நான் வேலைக்கு வந்துட்டா வீட்டுல ஆள் வேணாமா? நல்லதுதான்."

"காது கேக்காது அவளுக்கு."

"நான் எழுதறவ. கத்தறவ இல்லங்க."

இதற்கு மேல் தடை ஒன்றும் இல்லை. ஆனால் முப்பத்தெட்டு வயதுவரை சோறு ஆக்கிப் போட்டு, சட்டை மடித்து வைத்து ஒருத்தி பார்த்துக்கொண்டிருக்கும்போது, ஓர் ஆண்பிள்ளைக்கு முடிவெடுக்க அவசரம் வருவதில்லை. அந்தச் சோம்பலுக்கு ஒரு பெயர் வேண்டியிருந்தது. கேட்டவர்களிடமெல்லாம் அக்காவின் பெயரைச் சொன்னார்.

இருபத்தேழாவது படத்தில் அவருக்கு ஒரு தீர்ப்பு வந்தது. மூன்று நிமிடத் தீர்ப்பு. வழக்கமாகக் கேமரா அவரை மேசை, சுத்தியல், பின்னால் சுவர் எல்லாவற்றோடும் சேர்த்துத்தான் பிடிக்கும். இந்த முறை கைக்கெட்டும் தூரத்தில் கொண்டுவந்து நிறுத்தினார்கள். பன்னிரண்டு வருடத்தில் முதல் தடவையாக அவர் முகத்துக்கென்று மூன்று நிமிடம். இரண்டு நாள் உட்கார்ந்து உண்மையான வசனத்தையே மனப்பாடம் செய்தார். அதை அப்படியே சொல்லியிருந்தால் இந்தக் கதையே இல்லை.

"மூணு நிமிஷம், ஜட்ஜய்யா" என்றான் மூத்த விளக்குக்காரன். "இந்த மாதிரி எடம் இனிமே கெடைக்காது. அந்தத் தாள்ல இருக்கறதச் சொல்லி வீணாக்கிடாதீங்க."

கேமரா ஓடியது. அவர் கண்ணாடியைக் கழற்றினார். ஒரு கணம் கண்ணை மூடித் திறந்தார். பிறகு, ஒரு கொலைகாரனுக்கு ஆயுள் தண்டனை விதிக்கும் முகத்தோடு, உதடு உதடாகச் சொன்னார்: "எங்க வீட்டுல ஒருத்தி இருக்கா. எங்கக்கா. காது கேக்காது. கல்யாணமும் ஆகல. எங்கயும் போகவும் மாட்டா. அவ இருக்கற வரைக்கும் எந்தப் பொண்ணும் என் வீட்டுப் படி ஏற மாட்டேங்கறா. இந்தக் கொலைகாரனுக்கு ஆயுள் தண்டனையாம். பதினாலு வருஷத்துல வெளிய வந்துடுவான். எனக்கு யாரு கொடுத்தா இந்த ஆயுள் தண்டனைய? ஆளப் பாத்தா நூறு வயசு இருப்பா போலிருக்கு." மீதி இரண்டு நிமிடமும் இதே தினுசில் போயிற்று.

ஒரு விளக்குக்காரன் சிரிப்பை அடக்க முடியாமல் ஏணியிலிருந்து இறங்கி வெளியே ஓடினான். இயக்குநருக்குக் கண் கலங்கிவிட்டது. இப்படி ஒரு முகத்தை அவர் பார்த்ததில்லையாம். குறிப்பு எழுதும் பெண், 'கண்ணாடி வலது கை' என்று எழுதிவிட்டு நோட்டை மூடினாள்.

தேநீர் குடிக்கும் இடத்தில் கேட்டாள்: "நான் எப்பங்க படி ஏற மாட்டேன்னு சொன்னேன்?"

"சும்மா. சிரிக்கறதுக்கு."

"சிரிச்சாங்க. அதோட விட்டுடுங்க. அவங்க என்ன பண்ணாங்க உங்கள?"

படம் பிரமாதமாக ஓடியது. அந்த மூன்று நிமிடத்துக்காகவே போனவர்கள் உண்டு. அக்கா புதன்கிழமை போனாள். வியாழக்கிழமை மறுபடி போனாள். ஒரு படத்தை அவள் இரண்டு முறை பார்த்ததே கிடையாது. நீதிபதிக்குத் தலைகால் புரியவில்லை.

"ரெண்டு தடவையா? அவ்வளவு பிடிச்சிருந்துச்சா?"

"மொத தடவ சரியாப் பாத்தேனான்னு சந்தேகமா இருந்துச்சு" என்றாள்.

மூன்று வாரம் கழித்துப் பெட்டி கட்டினாள். ஏழு மணி நேரப் பயணத்தில் வேறோர் ஊர். காது கேளாத பெண் பிள்ளைகளுக்கான பள்ளிக்கூடத்தில் தையல் சொல்லிக் கொடுக்க ஆள் கேட்டிருக்கிறார்கள். தங்குவதும் அங்கேயே.

"திடீர்னு என்னத்துக்கு?"

"நீ கல்யாணத்த முடிச்சுக்கோ."

"அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?"

அக்கா பெட்டியைப் பூட்டினாள். "சம்பந்தம் இல்லதான்" என்றாள்.

பஸ் ஏற்றிவிட்டு அவர் அழுதார். அழுதது உண்மை. வீட்டுக்கு வந்து, தையல் இயந்திரம் போன இடத்தில் இரட்டைக் கட்டில் கொள்ளுமா என்று சாண் போட்டு அளந்து பார்த்ததும் உண்மை.

கல்யாணம் நடந்தது. அக்கா வந்து இரண்டு நாள் இருந்துவிட்டுப் போனாள். பிறகு கடிதங்கள். எப்போதாவது வந்தால் காலையில் வந்து மாலையில் கிளம்பிவிடுவாள். இவர் அந்தப் பள்ளிக்கூடத்துப் பக்கமே போகவில்லை, படப்பிடிப்பு, நேரமில்லை. நீதிமன்றங்களில் நேரமில்லாமல் போவது சகஜம். பிள்ளை குட்டி இல்லாத அந்த வீட்டில் மனைவிதான் ஒருமுறை சொன்னாள்: "உங்கக்கா என்கிட்ட பேசறாங்க. உங்ககிட்ட பதில் மட்டும் சொல்றாங்க. கவனிச்சிருக்கீங்களா?"

அவர் கவனித்ததில்லை.

தொலைக்காட்சி வந்தது. கண்ணாடிச் சுவர் வைத்த புதுக் கட்டடத்திலிருந்து கூப்பிட்டார்கள். வாராவாரம் வரும் குடும்பத் தொடர், நேரடி ஒளிபரப்பு, அதில் குடும்பத் தலைவர். அந்த முகத்தை நாடே அறியும் என்பதால் வேறு யாரையும் அவர்கள் யோசிக்கவில்லை. ஒத்திகையில் அவர் வாயைத் திறந்தார். மைக்கில் கோளாறு என்று மைக்கை மாற்றினார்கள். பிறகு வயரை மாற்றினார்கள்.

"சார், தொண்டை ஏதாவது சரியில்லையா?"

"இதான் தொண்டை."

ஓர் இரவில் கதையைத் திருத்தினார்கள். குடும்பத் தலைவர் காலமாகிவிட்டார். அவருடைய பெரிய புகைப்படம் கூடத்துச் சுவரில் தொங்கியது. இரண்டு வருடம் ஓடிய அந்தத் தொடரில் ஒரு வாரம்கூட விடாமல் தோன்றியவர் அவர் ஒருவர்தான். பிறகு செய்திக்காரர் காலமானார். அதோடு நீதிபதியும் பாதி காலமானார். வேறு ஒரு குரலை வைத்துப் பார்த்தார்கள், ஒட்டவில்லை.

இப்படியாக ஐம்பத்தேழு வயது. வேலை இல்லை. அக்காவுக்கு அறுபத்திரண்டு.

"அடுத்த மாசம் ஓய்வு கொடுக்கறாங்களாம்" என்றாள் மனைவி. "எழுதிப் போட்டா 'பாக்கலாம்'னு எழுதறாங்க. நேர்ல போய்க் கூட்டிட்டு வாங்க. இங்க நாம ரெண்டு பேரும் சுவத்தப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கோம்."

"வருவா. வராம எங்க போவா?"

இந்த நம்பிக்கையோடுதான் போனார். அவளைக் கூட்டிக்கொண்டு திரும்புவதற்காக இரண்டு இருக்கைக்கு முன்பதிவும் செய்திருந்தார்.

மத்தியான இடைவேளையில் பள்ளிக்கூட முற்றத்துக்குள் நுழைந்தார். அறுபது எழுபது பெண் பிள்ளைகள். முதலில் ஒருத்தி பார்த்தாள். பக்கத்தில் இருந்தவளின் தோளைத் தட்டினாள். ஒரு நிமிடத்தில் முற்றம் முழுவதும் கைகள் பேசத் தொடங்கின. ஒரு கூட்டமே ஓடிவந்து அவரைச் சூழ்ந்துகொண்டது. எல்லோருக்கும் சிரிப்பு. ஐந்து வருடமாகத் தெருவில் அவரைக் கண்டு ஒரு நாய்கூடத் திரும்பிப் பார்த்ததில்லை. ஓர் இளம் ஆசிரியை கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள்.

"ஜட்ஜ் சார்தானே? மன்னிச்சுக்குங்க சார். தொலைக்காட்சில உங்க படம் வந்தா இவங்களப் பிடிச்சு நிறுத்த முடியாது. சிரிச்சு உருளுவாங்க."

"சிரிப்பாங்களா? நான் நீதிபதியாச்சே."

பதினாலு வயதுப் பெண் ஒருத்தி முன்னால் வந்தாள். புருவத்தை இறக்கினாள். வாயை ஸ்கேல் வைத்து இழுத்தது போல ஆக்கிக்கொண்டாள். இல்லாத கண்ணாடியை வலது கையால் கழற்றினாள். ஏற்ற இறக்கமில்லாத குரலில் சொன்னாள்: "வாரத்துல நாலு நாள் முட்டைக்கோஸ். என் ரத்தமே இப்ப பச்சையாத்தான் ஓடுது."

எழுபது ஜோடிக் கைகள் தலைக்கு மேலே எழுந்து படபடத்தன. அதுதான் அவர்களுடைய கைதட்டல். இன்னொருத்தி நாற்காலி ஆணியைச் சொன்னாள். வேறொருத்தி வெங்காயத்தை. ஒரு சொல் தவறவில்லை. நீதிபதிக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. வாழ்நாளில் முதல் முறையாக அவர் பேசியதை ரசிகர்கள் கேட்டிருக்கிறார்கள். அவரும் சிரித்தார், வாய்விட்டே சிரித்தார்.

"உங்க வாய வெச்சுத்தான் சார் தையலம்மா இவங்களுக்கு உதடு படிக்கவே சொல்லித் தர்றாங்க" என்றாள் ஆசிரியை. "இவ்வளவு தெளிவா யாருக்கும் வராதாம். எல்லாப் படமும் பாத்துட்டோம். ஒண்ணத் தவிர."

"எது?"

"பெரிய கொலை வழக்கு ஒண்ணு வருமாமே, நீளமா ஒரு தீர்ப்பு. ரெண்டு தடவ போட்டாங்க. ரெண்டு தடவையும் அந்த எடம் வர்றதுக்குள்ள தையலம்மா எழுந்து பெட்டிய அணைச்சிட்டாங்க. ஏன்னு கேட்டா, இதுல அவன் சரியாப் பேசலன்னாங்க."

பிள்ளைகள் இன்னும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். அவர் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. அது எப்போதும் போலவே இருந்தது.

தையல் அறையில் அக்கா ஒரு பாவாடையின் விளிம்பை மடித்துக்கொண்டிருந்தாள். தலை முழுக்க வெளுத்திருந்தது. "வாடா. சாப்டியா?" என்றாள். "பஸ்ல வெயில் எந்தப் பக்கம் அடிச்சுது?"

அவர் எதிரே உட்கார்ந்தார். வெளிச்சத்துக்கு முகத்தைக் காட்டித்தான் உட்கார்ந்தார். அது யோசிக்காமலே வரும்.

"அக்கா. நீ அணைக்கற படம்."

அவள் ஊசியைத் துணியில் குத்தி வைத்தாள்.

"அப்பவே பாத்துட்டியா?"

"பாத்தேன். தப்பாப் படிச்சிட்டேன்னு நெனச்சேன். உன் வாய நான் தப்பாப் படிச்சதே இல்ல. அதான் மறுநாள் போயி முன் வரிசைல உக்காந்தேன்."

"அது உண்மை இல்லக்கா. விளக்குக்காரனுங்க சிரிக்கறதுக்குச் சொன்னது. என் பொண்டாட்டி அப்படிச் சொல்லவே இல்ல. நீ இருந்தா நல்லதுன்னுதான் சொன்னா. நான் மனசாற நெனச்சும் பேசல."

"முட்டைக்கோஸ்?"

"என்ன?"

"முட்டைக்கோஸ் அலுத்துப்போச்சுன்னியே. அது உண்மையா, சிரிக்கறதுக்கா?"

"அது உண்மை."

"கழுத்து அறுக்குதுன்னது?"

"அதுவும் உண்மைதான்."

"அப்ப எது உண்மை, எது சிரிப்புன்னு நான் எப்படிடா பிரிப்பேன்? மொகம் எல்லாத்துக்கும் ஒண்ணாத்தான இருந்துச்சு." அவள் குரலில் கோபம் இல்லை. இருந்தாலும் தெரிந்திருக்காது, அந்தக் குரலிலும் எல்லாம் ஒன்றாகத்தான் இருக்கும். "எல்லாரும் உன் தம்பி பேசறது எவ்வளவு கம்பீரம்பாங்க. எனக்கு மட்டும்தான் நீ பேசறது தெரியும். தியேட்டர் பூரா அழுதுக்கிட்டிருக்கும், நான் சிரிச்சுக்கிட்டிருப்பேன். எனக்காகத்தான் பேசறேன்னு நெனச்சிருந்தேன், அன்னைக்கு வரைக்கும்."

இதை அவர் ஒருபோதும் நினைத்துப் பார்த்ததில்லை. அவளுக்காகப் பேசியிருக்கலாம். இருபத்தேழு படம் பேசியிருக்கலாம். ஒரு சொல்கூட அப்படிப் பேசவில்லை.

"வீட்டுக்கு வந்துடுக்கா."

"எதுக்கு? இங்கயே ஒரு அறை தர்றேன்னுட்டாங்க. பொண்ணுங்க இருக்கு. உன் பொண்டாட்டிய ஒரு தடவ அனுப்பி வை, பாக்கணும் போல இருக்கு."

"நான் தப்புப் பண்ணிட்டேன். தெரியாமப் பண்ணிட்டேன். உனக்குக் கேக்கும்னு... உனக்குத் தெரியும்னு எனக்குத் தோணவே இல்ல."

தோணவே இல்லை என்பதுதான் அவர் சொன்னவற்றில் மிகவும் உண்மையானது. அதை எந்த முகத்தோடு சொல்வது என்று அவருக்குத் தெரியவில்லை. இருந்த முகத்தோடுதான் சொன்னார்.

அப்போது அக்காவின் பார்வை அவர் வாயிலிருந்து மெல்ல மேலேறியது. அவர் கண்களில் வந்து நின்றது. வாசலில் யாராவது நின்று பார்த்திருந்தால் அக்காவும் தம்பியும் இப்படிக் கண்ணுக்குள் பார்த்துக்கொள்கிறார்களே என்று உருகியிருப்பார்கள். ஐம்பத்து மூன்று வருடத்தில், அவர் பேசிக்கொண்டிருக்கும்போது அவள் அவர் கண்ணைப் பார்த்ததே இல்லை. வாயைத்தான் பார்ப்பாள். கண்ணைப் பார்த்தால் அவளுக்கு ஒன்றும் கேட்காது.

அவர் பேசிக்கொண்டே இருந்தார். மன்னித்துவிடு என்றார், மறுபடியும் சொன்னார், மனைவி காத்திருக்கிறாள் என்றார், முன்னறையில் இடம் இருக்கிறது என்று தொடங்கினார். அவள் அவர் கண்களையே பார்த்துக்கொண்டிருந்தாள், அன்பாகத்தான். பாதி வாக்கியத்தில் அவர் நிறுத்திக்கொண்டார். அவர் நிறுத்தியது அவளுக்குத் தெரியவில்லை.